முப்பது ஷில்லிங் கால்விரல்

இந்தக் கட்டுரை ஒரு சிரிப்பில் ஆரம்பித்தது. நான் சிரித்த சிரிப்பு.

நாடகக் குழு ஒன்றில் விளக்குகளைப் பார்த்துக்கொள்ளும் நண்பன் ஒருவன் இருக்கிறான். உலகத்தில் எந்த மேடையில் என்ன சொதப்பல் நடந்திருந்தாலும் அவனுக்குத் தெரியும். ஒருநாள் ஒத்திகை முடிந்து டீக்கடையில் நிற்கும்போது சொன்னான்:

"இதக் கேளு. 1972. லண்டன்ல ட்ரூரி லேன் தியேட்டர். 'கான் வித் த விண்ட்' கதையை மியூசிக்கலா போடுறாங்க. மேடையில நெசக் குதிரை. ஒரு சின்னப் பொண்ணு வேற, ஒரேயடியா நடிச்சுத் தள்ளுது. முதல் நாள் ஷோவுல குதிரை மேடையிலேயே லத்தி போட்டுருச்சு. நோயல் கவர்ட் இருக்காரே, பெரிய நாடகாசிரியர், அவர் பார்க்க வந்திருக்கார். வெளிய வந்து என்ன சொன்னாராம் தெரியுமா? அந்தப் பொண்ணு தலையைக் குதிரையோட பின்பக்கத்துல சொருகியிருந்தா ரெண்டு பிரச்சினையும் ஒண்ணா தீர்ந்திருக்கும்னு."

டீ கையில் சிந்தும் அளவுக்குச் சிரித்தேன். சும்மா சொல்லக்கூடாது, நல்ல ஜோக். கவர்ட் இதை எந்த வார்த்தைகளில் சொன்னார் என்பதில் ஆளுக்கு ஒரு வடிவம் வைத்திருக்கிறார்கள். ஆனால் ஆங்கில நாடக உலகம் ஐம்பது வருடமாக இதைச் சொல்லிச் சிரித்துக்கொண்டிருக்கிறது.

ராத்திரி படுத்த பிறகு ஒரு சின்ன உறுத்தல். அந்தப் பொண்ணு யார்? தேடினேன். பெயர் பானி லாங்ஃபோர்ட். 1964 ஜூலையில் பிறந்தவள். அந்த நாடகம் அரங்கேறியது 1972 மே மாதம். கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஏழு வயது.

ஏழு வயதுக் குழந்தையைப் பார்த்து ஒரு எழுபத்திரண்டு வயது மனிதர் சொன்னதாகச் சொல்லப்படும் வார்த்தைக்கு நான் டீ சிந்தச் சிரித்திருக்கிறேன். அன்றைக்குத் தொடங்கிய வாசிப்பு, ஒரு குழந்தையிலிருந்து இன்னொரு குழந்தைக்குப் பின்னோக்கிப் போய், 1856-ல் நின்றது.

*

எழுத உட்கார்ந்ததுமே ஒரு சிக்கல். தமிழில் இந்தப் பெண்களை எப்படிக் குறிப்பிடுவது? குழந்தை என்றால் 'அவள்'. புகழ்பெற்ற நடிகை என்றால் 'அவர்'. இரண்டும் ஒரே ஆள். எந்த வரியில் 'அவள்' 'அவர்' ஆவது? பதினெட்டு வயதிலா? முதல் சம்பளத்திலா? ஆங்கிலத்தில் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் தொல்லை நல்லதுதான் என்று தோன்றுகிறது. ஒவ்வொரு வாக்கியத்திலும் நின்று, இங்கே வேலை செய்வது குழந்தையா பெரியவளா என்று கேட்க வைக்கிறது.

எல்லன் டெர்ரியை முதலில் 'அவள்' என்றே சொல்கிறேன்.

1847-ல் இங்கிலாந்தின் கோவென்ட்ரி நகரத்தில் பிறந்தாள். அப்பா பென், அம்மா சாரா, இரண்டு பேரும் ஊர் ஊராகப் போய் நடிப்பவர்கள். போன ஊரில் பிள்ளை பிறந்தது, அவ்வளவுதான். பள்ளிக்கூடத்துக்கு அவள் போனதே இல்லை. எழுத்தும் படிப்பும் வீட்டில், அப்பா அம்மாவிடம். அக்கா கேட் அவளுக்கு முன்பே மேடையேறிவிட்டாள்.

1856 ஏப்ரல் 28. லண்டன் ஆக்ஸ்ஃபோர்ட் தெருவில் இருந்த பிரின்சஸ் தியேட்டர். சார்ல்ஸ் கீன் என்ற நடிகர் நடத்திய கம்பெனி, ஷேக்ஸ்பியரின் 'குளிர்காலக் கதை'யை மேடையேற்றுகிறது. ராஜாவின் சின்ன மகன் மமிலியஸ் வேடம் எல்லனுக்கு. ஒன்பது வயது. பார்வையாளர்களில் விக்டோரியா மகாராணியும் இருக்கிறார்.

கீனுக்கு ஒரு பைத்தியம் உண்டு. மேடையில் வரும் ஒவ்வொரு பொருளும் அந்தந்தக் காலத்தில் இருந்தபடியே இருக்க வேண்டும். ஆகவே இளவரசன் விளையாடுவதற்குப் பழங்காலக் கிரேக்கப் பொம்மை ஒன்றைப் பார்த்து ஒரு சிறு வண்டி செய்திருந்தார்கள். வண்டியை இழுத்துக்கொண்டு ஓடு என்று சொல்லியிருந்தார் கீன். ஓடினாள். வண்டியின் கைப்பிடி தடுக்கியது. மகாராணி முன்னால் மல்லாக்க விழுந்தாள். அரங்கம் முழுக்கச் சிரிப்பு.

தன் நாடக வாழ்க்கை அன்றோடு முடிந்தது என்று அந்த ஒன்பது வயதுக் குழந்தை நினைத்தது. அறுபது வயதில், 1908-ல் வெளிவந்த தன்வரலாற்றில் அவர் இதை எழுதுகிறார். ஐம்பது வருடம் கழித்தும் அந்தச் சிரிப்பு காதில் இருக்கிறது.

எனக்கு இது புரியும். நாலாம் வகுப்பு ஆண்டு விழாவில் எனக்கு ராஜா வேடம். வசனத்தின் நடுவில் ஒட்டு மீசை ஒருபக்கம் கழன்று தொங்கியது. மொத்தப் பந்தலும் சிரித்தது. அப்பாவும் சிரித்தார், அதைத்தான் பார்த்தேன். இப்போது யோசித்தால் எனக்கே சிரிப்பு வருகிறது, ஆனால் அடிவயிறு மட்டும் இன்னும் ஒருமுறை இறுகுகிறது. எனக்கு அது ஒரு சாயங்காலம். எல்லனுக்கு மறுநாளும் அதே வண்டி, அதே ஓட்டம். 'குளிர்காலக் கதை' 102 இரவுகள் ஓடியது. ஒரு இரவுகூட அவள் வராமல் இருக்கவில்லை. அவளுக்குப் பதிலாக நடிக்கத் தயாராக நின்ற சிறுமிக்குக் கடைசி வரை வாய்ப்பே வரவில்லை.

சம்பளம் வாரத்துக்குப் பதினைந்து ஷில்லிங்.

*

அதே வருடம் அக்டோபரில் 'கோடை இரவுக் கனவு'. எல்லனுக்கு பக் வேடம், குறும்புக்காரக் குட்டித் தேவதை. தேவதைகளின் ராணி டைட்டானியா வேடத்துக்கு கேட் மாற்று நடிகை. நாடகத்தின் கடைசியில் பக் மேடைத் தரையில் வெட்டிய கதவு வழியாகக் கீழிருந்து எழும்பி வந்து முடிவுரை சொல்ல வேண்டும்.

ஒருநாள் கீழே கதவை இயக்குபவர் கொஞ்சம் முந்திவிட்டார். எல்லனின் கால்விரல் கதவில் மாட்டிக்கொண்டது. அலறினாள். கேட் ஓடிவந்து, கதவைத் திற என்று காட்டுவதற்காகத் தரையைக் காலால் தட்டினாள். கீழே இருந்தவர் அதைத் தப்பாகப் புரிந்துகொண்டு இன்னும் இறுக்கி மூடினார். விரல் முறிந்தது.

அப்போது சார்ல்ஸ் கீனின் மனைவி, அவரும் பெரிய நடிகை, எல்லனிடம் ஓடிவந்து சொன்னது இதுதான்: நாடகத்தை முடித்துவிடு கண்ணு, உன் சம்பளத்தை இரண்டு மடங்காக்குகிறேன்.

எல்லன் முடித்தாள். பக்கத்தில் ஆட்கள் தாங்கிப் பிடித்துக்கொள்ள, வலியில் வரிகள் உருமாறிப்போக, முடிவுரையைச் சொன்னாள். அன்று பார்வையாளர்களில் ஒரு பிரபல அறுவை மருத்துவர் இருந்தார். மேடைக்குப் பின்னால் வந்து விரலைச் சரிசெய்தார். திருமதி கீனும் சொன்ன சொல் தவறவில்லை. சம்பளம் முப்பது ஷில்லிங் ஆனது.

இந்தச் சம்பவத்தை வாசித்தபோது அந்த வாக்குறுதி யாரிடம் சொல்லப்பட்டது என்பதுதான் என்னைப் பிடித்து நிறுத்தியது. ஒன்பது வயதுக் குழந்தையிடம், வலியில் அழும்போது, 'எல்லாம் சரியாகிடும்' என்று சொல்லவில்லை. மிட்டாய் தருகிறேன் என்றுகூடச் சொல்லவில்லை. சம்பள உயர்வு பேசினார்கள். அந்தக் குழந்தைக்கும் அது புரிந்தது. மேடைக் குடும்பத்தில் பிறந்த பிள்ளைக்குப் பதினைந்துக்கும் முப்பதுக்கும் என்ன வித்தியாசம் என்று தெரியாமல் இருக்குமா?

கதவு மூடியது விபத்து. 1858-ல் நடந்தது விபத்து இல்லை. 'கிங் ஜான்' நாடகத்தில் சிறுவன் ஆர்தர் வேடம். சில வருடங்களுக்கு முன் கேட் நடித்துப் பேர் வாங்கிய பாத்திரம். ஒத்திகையில் எல்லனுக்கு அந்தத் துயரம் குரலில் வரவில்லை. திருமதி கீன் கோபத்தில் கத்தி, அறைந்துவிட்டார். எல்லன் உடைந்து அழுதாள். அந்த அழுகையோடு வசனம் சொன்னபோது கேட்டுக்கொண்டிருந்தவர் உற்சாகமாகிவிட்டார். இதுதான் வேண்டும், குரலில் இப்போது என்ன செய்தாயோ அதை ஞாபகம் வைத்துக்கொள், திரும்பவும் செய்.

எனக்கு இதில் பயமாக இருப்பது அறை அல்ல. அந்தக் காலத்தில் எந்தப் பள்ளிக்கூடத்திலும் அடி விழுந்தது. பயமாக இருப்பது, அடுத்து நடந்தது. குழந்தையின் நிஜ அழுகையை எடுத்து, இது உபயோகமான பொருள், பத்திரமாக வை என்று அவளிடமே திருப்பிக் கொடுத்தது. எல்லன் அதைக் கற்றுக்கொண்டாள். பிற்காலத்தில் லைசியம் தியேட்டரில் ஹென்றி இர்விங்கோடு நடித்து இங்கிலாந்தின் முதன்மை நடிகையானார். அந்தக் கலைக்கு அஸ்திவாரம் இந்த வருடங்கள்தான் என்பதில் அவருக்குச் சந்தேகம் இல்லை.

அவர் தன்னைப் பாதிக்கப்பட்டவளாக எழுதிக்கொள்ளவே இல்லை. ஞாயிற்றுக்கிழமையும் விடாமல் ஒத்திகை, சில சமயம் விடியற்காலை நாலு ஐந்து மணி வரை. கால்கள் வலிக்கும், கண் சொருகும், நடிகர்கள் காத்திருக்கும் அறையில் சுருண்டு தூங்குவாள். எல்லாவற்றையும் சொல்கிறார். நீண்ட உடையில் நடக்கப் பழக இடுப்பில் கம்பளிப் போர்வையைக் குத்தித் தரையில் புரளவிட்டு நடக்க வைத்ததையும், உயிரெழுத்துகளைக் கலக்காமல் தனித்தனியாக உச்சரிக்கத் திருமதி கீன் பிடிவாதமாகச் சொல்லிக் கொடுத்ததையும் நன்றியோடு சொல்கிறார். அந்த நன்றியை நான் நம்புகிறேன். அதே சமயம், வேறொரு குழந்தைப் பருவம் எப்படி இருந்திருக்கும் என்று ஒப்பிட்டுப் பார்க்க அவரிடம் எதுவும் இல்லை என்பதையும் மறக்க முடியவில்லை.

1864 பிப்ரவரியில், பதினேழு வயதாவதற்கு ஒரு வாரம் இருக்கும்போது, ஜார்ஜ் ஃபிரெடரிக் வாட்ஸ் என்ற ஓவியரை மணந்தாள். அவருக்கு நாற்பத்தாறு வயது. ஒரு வருடம்கூட நிலைக்காத கல்யாணம். இங்கேயும் நான் 'மணந்தாள்' என்றுதான் எழுதுகிறேன், 'மணந்தார்' என்று எழுதக் கை வரவில்லை.

*

எல்லன் மமிலியஸாக நடித்ததை 1856 ஜூனில் ஒரு இளம் கணித ஆசிரியர் வந்து பார்த்தார். சார்ல்ஸ் டாட்ஜ்சன். பிறகு லூயிஸ் கரோல் என்ற பெயரில் 'ஆலிஸ்' கதைகளை எழுதியவர். முப்பது வருடம் கழித்து, 1886 கிறிஸ்துமஸ் சமயத்தில், அவருடைய ஆலிஸே லண்டன் மேடைக்கு வந்தாள். மேடை நிறைய குழந்தைகள்.

அதற்குள் நாடு மாறியிருந்தது. 1880-ல் ஐந்திலிருந்து பத்து வயது வரை பள்ளிக்கூடம் கட்டாயம் என்று சட்டம் வந்துவிட்டது. சுரங்கத்திலும் ஆலையிலும் குழந்தைகள் வேலை செய்ய ஏற்கெனவே கட்டுப்பாடுகள் இருந்தன. ஆனால் கிறிஸ்துமஸ் தோறும் நடக்கும் பாண்டோமைம் கொண்டாட்ட நாடகங்களில் நூற்றுக்கணக்கான ஏழைக் குழந்தைகள் தேவதைகளாகவும் பூச்சிகளாகவும் நள்ளிரவு வரை ஆடிவிட்டு, பனியில் நடந்து வீட்டுக்குப் போனார்கள். எல்லன் பார்லீ என்ற பெண்மணி 1884-ல் இவர்களைப் பற்றித் தனிப் புத்தகமே எழுதினார். பின்னாளில் பெண்கள் வாக்குரிமைப் போராட்டத்தின் தலைவர்களில் ஒருவரான மில்லிசென்ட் ஃபாசெட், ஆலையில் வேலை என்றால் தடுக்கிறீர்களே, மேடையில் செய்தால் மட்டும் அது வேலை இல்லையா என்ற பக்கத்தில் நின்று வாதாடினார்.

எதிர்ப்பக்கத்தில் கரோல். 1887-ல் பத்திரிகைக்குக் கடிதம் எழுதினார். ஆலிஸ் நாடகத்தில் நடித்த மூன்று சிறுமிகளோடு பிரைட்டன் கடற்கரையில் ஒருநாள் கழித்ததை விவரித்து, இவர்களைவிடச் சந்தோஷமான, துறுதுறுப்பான குழந்தைகள் உண்டா என்று கேட்டார். சிறுமிகளோடு கரோலுக்கு இருந்த நட்பைப் பற்றி இன்று வேறு கேள்விகளும் எழுகின்றன. அதைத் தள்ளிவைத்துப் பார்த்தாலும் அவர் வாதத்தில் ஓட்டை தெரிகிறது. கடற்கரையில் விடுமுறை நாளில் பார்த்த குழந்தையை வைத்து ராத்திரி பன்னிரண்டு மணிக் குழந்தையைப் பற்றிப் பேசுகிறார். ஆனால் அந்தச் சிறுமிகளுக்கு மேடை பிடித்திருந்தது என்று அவர் சொன்னதும் பொய் இல்லை. இந்த விவகாரத்தில் இரண்டு பக்கமும் உண்மையைத்தான் சொன்னார்கள். அதனால்தான் தீர்ப்பது கஷ்டமாக இருந்தது.

1889 சட்டம் ஒரு சமரசம். ஏழு வயதுக்குக் கீழே மேடை கூடாது. ஏழிலிருந்து பத்து வரை நீதிபதியிடம் லைசென்ஸ் வாங்க வேண்டும். குழந்தை மேடையில் செய்வது விளையாட்டல்ல, வேலை என்று அரசு ஒப்புக்கொண்டது அப்போதுதான். அதன் பிறகு விதிகள் கூடிக்கொண்டே போயின. 1963-ல் புதிய சட்டம், 1968-ல் அதற்கான விவரமான விதிகள். உள்ளாட்சி அலுவலகத்தின் அனுமதி, பாடம் சொல்லிக்கொடுக்க ஏற்பாடு, வேலை நேரத்துக்கு வரம்பு, பெற்றோர் இல்லாதபோது குழந்தையோடேயே இருக்க அங்கீகாரம் பெற்ற ஒரு ஆள். அந்த ஒரு ஆள் பன்னிரண்டு குழந்தைகளுக்கு மேல் பார்த்துக்கொள்ளக் கூடாது.

*

பானி லாங்ஃபோர்ட் வந்தது இந்த விதிகளின் காலத்தில். அம்மா நடனப் பள்ளி நடத்தியவர். பானி படித்த இடங்களில் ஒன்று இத்தாலியா கான்டி பள்ளி. அது பிறந்த கதை சுவாரசியமானது. 1911-ல் 'வேர் த ரெயின்போ எண்ட்ஸ்' என்ற குழந்தைகள் நாடகத்துக்குப் பிள்ளைகளைப் பழக்கும் வேலை இத்தாலியா கான்டி என்ற நடிகைக்கு வந்தது. அதிலிருந்து வளர்ந்ததுதான் அந்தப் பள்ளி. அந்த முதல் நாடகத்தில் நடித்த பையன்களில் ஒருவன் பெயர் நோயல் கவர்ட்.

ஆமாம், அவரேதான். பதினோரு வயதில் மேடையேறிய குழந்தை நடிகர். நண்பன் சொன்ன ஜோக்கில் இந்த விவரம் இல்லை.

ஆறு வயதில் பானி 'ஆப்பர்ச்சூனிட்டி நாக்ஸ்' என்ற தொலைக்காட்சித் திறமைப் போட்டியில் ஜெயித்தாள். வீட்டிலிருந்து பார்ப்பவர்கள் தபாலில் ஓட்டுப் போடுவார்கள். எல்லனை ஒரு இரவில் பார்த்தவர்கள் ஒரு அரங்கம் கொள்ளும் அளவுதான். விழுந்தாலும் மறுநாள் வேறு கூட்டம். தொலைக்காட்சியில் லட்சக்கணக்கான வரவேற்பறைகளுக்குள் ஒரே ராத்திரியில் போய்விடலாம். பிறகு அங்கிருந்து வெளியே வர முடியாது.

அடுத்த வருடம் ட்ரூரி லேன், குதிரை. அதற்குப் பிறகு அமெரிக்க மியூசிக்கலான 'ஜிப்ஸி'. 1974-ல் பிராட்வேயில் ஏஞ்சலா லான்ஸ்பரியோடு நடித்தபோது பானிக்குப் பத்து வயது. அந்த நாடகத்தின் கதையே தன் பெண்களை நட்சத்திரமாக்க வெறிபிடித்து அலையும் ஒரு அம்மாவைப் பற்றியது. பானிக்கு மூத்த பிள்ளையாக இல்லாத, ஆனால் அம்மாவின் நட்சத்திரமான பேபி ஜூன் வேடம். குழந்தை நட்சத்திரமாக நடிக்கும் குழந்தை நட்சத்திரம்.

அதில் ஒரு இடம் உண்டு. குழந்தைகள் ஆடிக்கொண்டே இருக்கிறார்கள். விளக்கு விட்டுவிட்டு மின்ன ஆரம்பிக்கிறது. அந்த மின்னலுக்குள் குழந்தைகள் ஒவ்வொருவராக விலக, அதே ஆட்டத்தைத் தொடர்ந்தபடி பெரியவர்கள் அந்த இடத்தில் வந்துவிடுகிறார்கள். விளக்கு நிலைக்கும்போது வருடங்கள் ஓடிவிட்டன. எல்லோரும் வளர்ந்துவிட்டார்கள், ஆட்டம் மட்டும் மாறவில்லை. பார்ப்பவர்கள் கைதட்டுவார்கள். ஒவ்வொரு இரவும் அந்த மின்னலில் மேடையிலிருந்து விலகிப் போன பத்து வயதுச் சிறுமிகளில் ஒருத்தி பானி.

மேடையில் அது சில நொடிகள். வெளியே அவ்வளவு சுலபமில்லை. 1977-ல் லண்டன் வீக்கெண்ட் டெலிவிஷன் எடுத்த 'ஜஸ்ட் வில்லியம்' தொடரில் வயலெட் எலிசபெத் பாட் வேடம். மழலையில் மிரட்டும், கேட்டது கிடைக்காவிட்டால் வாந்தி வரும்வரை கத்துவேன் என்று அடம்பிடிக்கும் பணக்கார வீட்டுச் செல்லப் பெண். பானிக்குப் பன்னிரண்டு பதின்மூன்று வயது. மிக நன்றாகச் செய்தாள். எவ்வளவு நன்றாக என்றால், அந்த எரிச்சலூட்டும் குழந்தையும் பானியும் ஒரே ஆள் என்று நாடே முடிவுகட்டிவிட்டது. 1981-ல் 'கேட்ஸ்' மியூசிக்கலின் முதல் லண்டன் குழுவில் பதினாறு வயதில் இடம்பிடித்த பிறகும், 1986-ல் 'டாக்டர் ஹூ'வில் வந்தபோதும், பலருக்கு அவர் இன்னும் அந்தக் கத்தும் சிறுமிதான்.

எல்லனின் கால்விரல் சரியாகிவிட்டது. பானிக்கு எந்த விரலும் முறியவில்லை, கூடவே ஆள் இருந்தார்கள், பாடம் இருந்தது, நேர வரம்பு இருந்தது. சட்டம் குழந்தையின் தூக்கத்தைக் காப்பாற்றியது, படிப்பைக் காப்பாற்றியது. பார்ப்பவர்களின் சிரிப்பிலிருந்து காப்பாற்ற எந்த சட்டத்தாலும் முடியவில்லை.

*

2012-ல் லண்டனின் ஒலிவியர் விருதுகளில் 'மட்டில்டா' மியூசிக்கலில் நடித்ததற்காகச் சிறந்த நடிகை விருது ஒரே வேடத்தைப் பங்கிட்டு நடித்த நான்கு சிறுமிகளுக்குச் சேர்த்துக் கொடுக்கப்பட்டது. ஒரு இரவு ஒருத்தி, மறு இரவு இன்னொருத்தி. மற்றவர்கள் வீட்டில் தூங்குவார்கள். 102 இரவுகள் ஒரே ஆளாக வண்டியை இழுத்த எல்லனை நினைத்துக்கொண்டேன். அவளுடைய இடத்தில் காத்திருந்து காத்திருந்து கடைசி வரை மேடையேறாத அந்தச் சிறுமியையும்.

2015-லிருந்து மூன்று வருடம் பானி லாங்ஃபோர்ட் 'ஈஸ்ட்எண்டர்ஸ்' தொடரில் கத்திக்குத்தில் மகனைப் பறிகொடுக்கும் தாயாக நடித்தார். 2018-ல் '42ண்ட் ஸ்ட்ரீட்' மியூசிக்கலில் முக்கிய வேடம். நடந்த இடம் ட்ரூரி லேன். குதிரை லத்தி போட்ட அதே மேடை. நாற்பத்தாறு வருடம் கழித்து, ஐம்பத்து நாலு வயதில்.

இந்தப் பத்தியில் 'அவர்' என்று எழுதியிருக்கிறேன். கை தயங்கவில்லை.

போன வாரம் நண்பனைப் பார்த்தபோது இதையெல்லாம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டான். கடைசியில் கேட்டான்:

"அப்போ அந்த ஜோக்க இனிமே சொல்லவே கூடாதுங்கறியா?"

"சொல்லு. அந்தப் பொண்ணோட வயசையும் சேர்த்துச் சொல்லு."

கொஞ்ச நேரம் யோசித்தான். "வயசச் சொன்னா யாரும் சிரிக்க மாட்டாங்கடா" என்றான்.